விறலியும் மூதாட்டியும்: கே. பி. சுந்தராம்பாளின் நாடக, திரைப்பட வாழ்வு பற்றிய ஓர் ஆய்வு

பத்துப்பாட்டினுள் ஒன்றாகிய சிறுபாணாற்றுப்படை 269 அடிகளால் இயன்றது. வறுமையுற்ற பாணன் ஒருவனை ஓய்மாநாட்டு நல்லியக்கோடன்பால் ஆற்றுப்படுத்தும் அப்பாட்டு, நெய்தல்நிலத்து எயிற்பட்டினத்தின் வழியாக அவனைச் செலுத்துகின்றது. எயிற்பட்டினம் இன்றைய மரக்காணமே என்பது அறிஞர் பலர் கருத்து. பாடிய நத்தத்தனாரும் அக்கரைக்கு வடபால் உள்ள இடைக்கழிநாட்டு நல்லூரினர். எனவே, மரக்காணத்து உப்பளங்களிலிருந்து கீழ்புத்துப்பட்டு வழியாகப் புதுச்சேரி வரை செல்லும் கடற்கரையைத் தமிழிலக்கியம் அறிந்த கரையென்றே கொள்ளலாம். அப்பாட்டில் பாணன் தனியே செல்லவில்லை. அவனுடன் விறலியர் செல்கின்றனர். அவர்தம் கூந்தல் தொடங்கி அடிவரை புலவர் புனைந்துரைக்கின்றார். நடந்து வருந்திய அவர் அடிகளை வருடுவாரையும் காட்டுகின்றார். பாடியும் ஆடியும் பரிசில் பெற்ற பெண், தன் இளமையோடும் அழகோடும் இக்கரையில் நடந்தாள் என்பது அப்பாட்டால் பெறப்படும்.

இதே கரையில் பிற்காலத்து வளர்ந்த கலை தெருக்கூத்தாகும். பாரதக் கூத்து நிகழும் இரவில் திரௌபதியாக வருபவன் ஆண்மகன்; சுபத்திரையாக வருபவனும் ஆண்மகனே. மஞ்சனீசுவரர் ஐயனார் கோயிலால் அறியப்பெறும் கீழ்புத்துப்பட்டு முதலாகத் திண்டிவனம், விழுப்புரம் வட்டாரம் முழுவதும் இவ்வழக்கே நெடுங்காலம் நின்றது. விறலி நடந்த நிலத்தில் விறலி இல்லை. அவள் எங்குச் சென்றாள், எவ்வழியாக மீண்டும் மேடை ஏறினாள், ஏறியபின் அவள் கொடுத்த விலை யாது என்னும் வினாக்கள் நாடகத்தமிழ் ஆய்வாளர் எழுப்ப வேண்டியவை. நாடகத்தமிழ் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் நாடகம் எழுதியோரையே ஆராய்கின்றனர். நடித்தோர், அதிலும் நடித்த பெண்டிர், ஆய்வுக்குரிய பொருளாக எண்ணப்பெறுவது குறைவு. இக்கட்டுரை கொடுமுடி பா. சுந்தராம்பாள் என்னும் ஒருவரை மட்டும் எடுத்துக்கொண்டு அவ்வினாக்களை அணுக முயல்கின்றது.

கீழ்புத்துப்பட்டிலிருந்து தெற்கே சென்றால் காலாப்பட்டைக் கடந்து புதுச்சேரியின் கருவடிக்குப்பத்தை அடையலாம். அங்கே தவத்திரு சங்கரதாசு சுவாமிகளின் அடக்கவிடம் உள்ளது. 1867-இல் பிறந்த சுவாமிகள் 1922 நவம்பர்த் திங்களில் புதுச்சேரியில் மறைந்தார். வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன், சத்தியவான் சாவித்திரி, நல்லதங்காள் முதலாய அவர்தம் நாடகங்களே அரை நூற்றாண்டுக் காலம் தமிழ் மேடையைத் தாங்கின. வயது வந்த நடிகரின் ஒழுங்கின்மையால் மனம் நொந்து, சிறுவரைக் கொண்டு நாடகக்குழு அமைக்கும் முறையை அவர் வளர்த்தார். 1918-இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை நிறுவினார். பாய்சு கம்பெனி என மக்கள் வழங்கிய அக்குழுக்களில் பெண்ணுக்கு இடமில்லை. பெண் வேடமும் சிறுவரே பூண்டனர். ஆயினும் சுவாமிகள் எழுதிய பாட்டும் உரையாடலும் அக்குழுக்களின் எல்லையைக் கடந்து பரவின. அவை பரவிய வழியே பெண்டிரும் வந்தனர். அவ்வழிதான் 'ஸ்பெஷல் நாடகம்' என்பது.

ஸ்பெஷல் நாடகத்தின் இயல்பைச் சற்று விரித்துரைத்தல் வேண்டும். அதனை அறியாமல் சுந்தராம்பாளின் கலையை அறிதல் இயலாது. இதில் நிலையான குழு இல்லை. ஊரார் அல்லது ஒப்பந்தக்காரர் ஒவ்வொரு நடிகரையும் தனித்தனியே பேசி அமர்த்துவர். இராஜபார்ட்டு ஓர் ஊரிலிருந்தும், ஸ்திரீபார்ட்டு மற்றோர் ஊரிலிருந்தும், பபூன் வேறோர் ஊரிலிருந்தும் வந்து சேர்வர். ஒத்திகை கிடையாது. இரவு பத்து மணியளவில் தொடங்கி விடியும் வரை நாடகம் நிகழும். ஒருவரையொருவர் முன்னர்க் கண்டறியாத நடிகரும் தடையின்றி நடித்தற்குக் காரணம், சுவாமிகளின் பாடம் அனைவர் நெஞ்சிலும் ஒன்றாகப் பதிந்திருந்தமையே. அப்பாடத்தை எலும்பாகக் கொண்டு, அவரவர் புலமைக்கும் குரலுக்கும் ஏற்பச் சதையும் குருதியும் சேர்ப்பர். வள்ளி திருமணத்தில் தினைப்புனத்து வள்ளியும் வேடனாய் வந்த முருகனும் நிகழ்த்தும் தருக்கம் இதற்குச் சிறந்த சான்று. வினா ஒருவர்பால் எழும். விடை மற்றவர் அப்பொழுதே கூற வேண்டும். கூறத் தவறினால் அவையோர் நகைப்பர். பாட்டுக்குப் பாட்டு, இராகத்திற்கு இராகம் என்று போட்டி நீளும். எனவே, அம்மேடையில் வள்ளியாக நிற்கும் பெண் எழுதிக் கொடுத்ததைச் சொல்லும் பாவையாக இருத்தல் இயலாது. அவள் வாதி, அந்நேரத்துப் புலவர் எனினும் பொருந்தும்.

குரல் பற்றியும் ஒன்று கூறவேண்டும். ஒலிபெருக்கி வாராத காலத்தில் ஆயிரக்கணக்கானோர் திறந்தவெளியில் அமர்ந்து கேட்டனர். கடைசி வரிசைக்குச் சொல் தெளிவாகச் சென்றெட்ட உயர்ந்த சுருதி வேண்டும். எழுத்துச் சிதையா உச்சரிப்பு அதனினும் வேண்டும். ஆர்மோனியத்தின் ஒரே கட்டையில் ஆடவரும் பெண்டிரும் பாட நேர்ந்தமையால், ஆண்குரல் பெண்குரலின் உயரத்திற்கு ஏறவேண்டியதாயிற்று. சுருதி ஏற ஏற மெல்லெழுத்து மங்கும், வல்லெழுத்து வெடிக்கும் என்பது பாடுவோர் அறிந்த இடர்ப்பாடு. சுந்தராம்பாளின் இசைத்தட்டுகளைக் கேட்பார்க்கு முதலில் தோன்றுவது, மேல்நிலைச் சுரங்களிலும் அவர் ழகரத்தையும் றகரத்தையும் இழக்கவில்லை என்பதே. இத்தகைய உச்சரிப்பு இசைப்பள்ளியில் கற்றது அன்று. கடைசி வரிசையில் இருப்பவன் கற்பித்தது.

கொங்குநாட்டில் காவிரிக்கரையில் உள்ளது கொடுமுடி. தேவாரப் பாடல்பெற்ற தலம். அங்கே 1908 அக்டோபரில் சுந்தராம்பாள் பிறந்தார். தாயார் பாலாம்பாள். வறுமை மிக்க இளமை. புகைவண்டியில் பாடிக் காசு பெற்ற சிறுமியின் குரல் கேட்டு நாடகத்துறையினர் அவரைக் கொண்டு சென்றனர் என்று அவர் வரலாறு உரைப்போர் கூறுவர். கும்பகோணத்தில் வேலு நாயர் குழுவில், நல்லதங்காள் நாடகத்துக் குழந்தைகளுள் ஒருவராக முதலில் தோன்றினார் என்பதும் அவர் கூற்றே. சிறுவர் பெண்வேடம் பூண்ட காலத்தில் இச்சிறுமி ஆண்வேடமும் பூண்டார். ஸ்திரீபார்ட்டாகவும் இராஜபார்ட்டாகவும் நிற்கவல்லார் எனப் பெயர் பெற்றமை அவருடைய பிற்காலத் திரைவாழ்வுக்கு வழிகோலியது.

இலங்கைத் தமிழர் நாடகம் காண்பதில் வேட்கை மிக்கவர். தமிழகத்து நடிகர் கொழும்புக்கும் யாழ்ப்பாணத்துக்கும் சென்று பொருளீட்டுதல் அக்காலத்துப் பெருவழக்கு. 1926-இல் சுந்தராம்பாள் இலங்கையில் நடித்துக்கொண்டிருந்தபொழுது, செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவும் ஆங்கு வந்தார். இருவரும் ஒரே மேடையில் நின்றனர். 1906-இல் பிறந்த கிட்டப்பா அப்பொழுது இருபது வயது இளைஞர். தமிழகம் முழுதும் புகழ்பெற்ற பாடகர். கிட்டப்பா வேலனாகவும் சுந்தராம்பாள் வள்ளியாகவும் தோன்றிய வள்ளி திருமணத்தைக் காண மக்கள் ஊர் ஊராக வண்டி கட்டிச் சென்றனர். மேற்கூறிய தருக்கம் அவ்விருவரிடத்தும் எத்தகைய உயரத்தை எட்டியிருத்தல் வேண்டும் என்பது எளிதில் உய்த்துணரத்தக்கது. 1927-இல் இருவரும் மணந்துகொண்டனர். கிட்டப்பா முன்னரே மணமானவர், குலமும் வேறு. அம்மணவாழ்வு அமைதியாக நடவவில்லை, பிரிவும் நேர்ந்தது. 1933 டிசம்பர் 2-ஆம் நாள் கிட்டப்பா தம் 27-ஆம் வயதில் மறைந்தார். தமிழில் பேசும்படம் பிறந்து ஈராண்டே ஆகியிருந்தது. கிட்டப்பா எந்தத் திரைப்படத்திலும் தோன்றவில்லை. இன்று அவரை அறிதற்குரிய நேரடிக் கருவி இசைத்தட்டு ஒன்றே. ஒரு பக்கத்துக்கு மூன்று நிமிடம் ஓடும் அத்தட்டில் பாட்டு அடங்கும். விடியும்வரை நீண்ட தருக்கம் அடங்காது. நாடக வரலாறு எழுதுவோர் இக்குறையை மறத்தல் கூடாது.

கணவர் மறைந்தபொழுது சுந்தராம்பாளுக்கு அகவை 25. வெள்ளையுடையும் திருநீறும் பூண்டார். இனி எந்த ஆடவனுடனும் இணையாக நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். அவ்வுறுதியை அவர் இறுதிவரை காத்தார் என்பது அவருடைய படங்களின் வரிசையை நோக்குவார்க்குத் தெளிவாகும். நந்தனார், மணிமேகலை, ஔவையார், கவுந்தியடிகள், காரைக்காலம்மையார்: இவருள் ஒருவரும் காதலி அல்லர், வாழ்க்கைத் துணைவியாக நிற்பவரும் அல்லர். ஒருவர் ஆண்மகன். ஏனையோர் துறந்தோரும் முதியோரும் பேயுருக் கொண்டவரும் ஆவர்.

இதனைக் கண்டு, பக்தி நிறைந்த ஒரு கைம்பெண்ணின் தனிப்பட்ட நோன்பு என்று கூறி அமைவாரே பலர். அஃது உண்மையே, ஆனால் முழு உண்மை அன்று. நோன்பு அவருடையது, அந்நோன்புக்கு ஏற்ற பாத்திரங்கள் இலக்கியத்துள் அணியணியாகக் காத்திருந்தமை அவருடைய செயல் அன்று. பெண்ணின் குரல் தனித்து ஓங்கி ஒலிக்கும் இடங்களைப் பழைய நூல்களிலும் அவற்றைச் சூழ்ந்த கதைகளிலும் தேடுவார்க்கு, அப்பெண் இளமையை நீத்தவளாகவோ, உடலை நீத்தவளாகவோ, இல்வாழ்வை நீத்தவளாகவோ இருத்தலே பெரும்பான்மை என்பது புலனாகும். ஆண்டாளைப் போன்றோர் இதற்கு விலக்கு. அவரும் கதையின் முடிவில் அரங்கன் திருமேனியிற் கலந்து மறைகின்றார். ஆதலின் சுந்தராம்பாளின் திரைவாழ்வை, தமிழ் மரபு பெண்குரலுக்கு விதித்த கட்டுப்பாட்டின் உரை என்றே படிக்கலாம்.

முதற்படம் நந்தனார். 1935-இல் வெளிவந்தது. மாணிக்லால் தாண்டன் இயக்கினார். அதற்கு அவர் பெற்ற ஊதியம் 1 இலட்சம் ரூபாய். அக்காலத்து நடிகர் எவரும் எண்ணிப்பாராத தொகை அது. இதனைச் செல்வச் செருக்காகவோ வியப்புச் செய்தியாகவோ மட்டும் கொள்ளாது, ஸ்பெஷல் நாடகத்தின் விளைவாகக் காணவேண்டும். குழுவின் முதலாளிக்கு அடங்கிய மாதச் சம்பளக்காரராய் வளர்ந்தவர் இவ்வாறு விலை பேசியிரார். ஒவ்வோர் இரவுக்கும் தம் விலையைத் தாமே பேசிப் பழகியவர் அவர். விருப்பமில்லாத தொழிலுக்கு மிகுதியாகக் கேட்டால் விட்டுவிடுவர் என்று கேட்டார், அவர்களோ ஒப்புக்கொண்டனர் என்றும் ஒரு கதை உண்டு. சிலப்பதிகாரத்து மாதவி ஐந்து வயதிற் பயிலத் தொடங்கி, ஏழாண்டு கற்று, பன்னிரண்டில் அரங்கேறித் தலைக்கோற் பட்டமும் 1008 கழஞ்சுப் பொன்னும் பெற்றாள். அப்பொன் அவளுக்கு இட்ட விலையாகவும் ஆயிற்று. அவ்விலைக்குரிய மாலையை வாங்கினவன் கோவலன். சுந்தராம்பாள் பெற்ற பொன் அத்தகையது அன்று. கலைக்கு மட்டும் கொடுத்த விலை அது. இவ்வேறுபாட்டைக் காத்துக்கொள்ளவே வெள்ளையுடை பயன்பட்டது எனலாம்.

நந்தன் கதையின் மூலம் சேக்கிழாரின் திருநாளைப்போவார் புராணம். அங்கே நந்தனை வருத்தும் வேதியர் இல்லை. அவ்வேதியரைப் படைத்தவர் 19-ஆம் நூற்றாண்டில் நந்தனார் சரித்திரக் கீர்த்தனை பாடிய கோபாலகிருஷ்ண பாரதியார். அப்படைப்பால் கதைக்கு நாடகப் பண்பு வந்தது. மேலோன் கீழோனிடம் வணங்கி நிற்கும் இறுதியும் வந்தது. 1935-ஆம் ஆண்டுப் படத்தில் வேதியராக நடித்தவர் இசைப் பேரறிஞர் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். கோயிலுக்குள் நுழைய உரிமையற்ற பண்ணையாளாக நின்றவர் நாடகமேடையிலிருந்து வந்த ஒரு பெண். கச்சேரி மேடையின் தலைவரும் நாடகமேடையின் நடிகையும் ஒரே காட்சியில் எதிரெதிர் நின்ற நிகழ்ச்சியை, தமிழிசை வரலாறு எழுதுவோரும் குறித்துக்கொள்ள வேண்டும். படம் நன்றாக அமைந்தது என்று கூறுதற்கில்லை. பனைமரமும் எருமையும் ஆட்டுக்குட்டியுமே நன்கு நடித்தன என்று 'கல்கி' ஆனந்த விகடனில் நகையாடியது இன்றும் நினைவுகூரப் பெறுகின்றது. அப்படச்சுருள் இன்று கிடைப்பதில்லை. எனவே அவர் நடிப்பைக் குறித்து யாம் தீர்ப்புக் கூறுதல் முறையன்று. ஆனால் நகைத்த அத்திறனாய்வு எதனை அளவுகோலாகக் கொண்டது என்று கேட்டல் முறையே. முகத்தை அண்மையிற் காட்டும் கருவிக்கு ஏற்ற நடிப்பை அது எதிர்பார்த்தது. கடைசி வரிசைக்குச் சென்றெட்டப் பழகிய உடலும் குரலும் அக்கருவியின் முன் மிகையாகத் தோன்றுதல் இயல்பு.

பெண்ணொருத்தி ஆண் அடியாராக நடித்ததை அக்காலத்து அவையோர் விந்தையாக எண்ணவில்லை. 1941-இல் வெளிவந்த சாவித்திரியில் எம். எஸ். சுப்புலட்சுமி நாரதராக நடித்தார். ஆயினும் 1942-இல் செமினி நிறுவனம் நந்தனாரை மீண்டும் எடுத்தபொழுது, அவ்வேடத்தை ஏற்றவர் தண்டபாணி தேசிகர். அதன்பின் பெண்டிர் ஆண்வேடம் பூணுதல் திரையில் அருகிற்று. மேடையின் உரிமையொன்று ஓசையின்றி மறைந்தது.

1940-இல் மணிமேகலை வந்தது. பரத்தையர் குலத்துப் பிறந்து, ஆடலரங்கு ஏறவேண்டியவளாய் இருந்து, அதனை மறுத்துப் பௌத்த நெறியிற் சென்றவள் மணிமேகலை. உதயகுமரன் பின்தொடர்ந்தபொழுது காயசண்டிகையின் உருவை மேற்கொண்டாள். தன் உருவை மறைத்தாலன்றி அறம் செய்ய இயலாத நிலை அவளுடையது. அப்பாத்திரத்தை அந்நடிகை ஏற்றமை பொருத்தமே. அதற்குமேல் அப்படம் பற்றி நீட்டிக்க வேண்டுவதில்லை.

வேறு வழியும் இருந்தது என்பதைக் காட்ட ஒருவரை ஈண்டு நினைத்தல் நலம். திருவையாற்றுப் பிறந்த டி. பி. ராஜலட்சுமியும் நாடகமேடையிலிருந்தே வந்தவர். 1931-இல் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும்படமாகிய காளிதாசின் தலைவி அவரே. 1936-இல் தாம் எழுதிய கமலவல்லி என்னும் புதினத்தை மிஸ் கமலா எனத் தாமே படமாக்கி இயக்கினார். தமிழ்ப்படம் இயக்கிய முதற்பெண் அவர். இவர் துறவு பூணவில்லை. தம் காலத்துப் பெண்ணின் கதையைத் தம் பேனாவாற் கூற முற்பட்டார். காலம் சென்றபின் தமிழகம் இவ்விருவருள் யாரை வீடுதோறும் அறிந்தது என்று பார்த்தால், மரபு யாரை ஏற்றது என்பது விளங்கும்.

1953-இல் வெளிவந்த ஔவையாரே சுந்தராம்பாளின் புகழை நிலைநாட்டியது. எஸ். எஸ். வாசன் பல்லாண்டு முயன்று எடுத்த படம். இயக்கியவர் கொத்தமங்கலம் சுப்பு. இப்படம் தமிழ் மாணவர்க்குப் பெரியதோர் ஆராய்ச்சிப் பொருளாகும். ஔவையார் என்னும் பெயருடையார் ஒருவர் அல்லர், பலர் என்பது இலக்கிய வரலாற்றார் அனைவரும் ஒப்பிய முடிபு. சங்கப் பாடல்களில் ஔவையார் பெயரால் உள்ளவை 59. அவற்றுள் புறநானூற்றில் 33, குறுந்தொகையில் 15, நற்றிணையில் 7, அகநானூற்றில் 4. அதியமான் நெடுமான் அஞ்சியின் நெல்லிக்கனி பெற்றவர் இவர். ஆத்திசூடியும் கொன்றைவேந்தனும் பாடியவர் பல நூற்றாண்டு பிற்பட்டவர். திரைப்படம் இவர்களை ஒருவராக்கியது. அதற்காகப் படத்தைக் குறைகூறுதல் பொருந்தாது. மக்கள் வழக்கு முன்னரே அவ்வாறு ஆக்கிவைத்திருந்தது.

குறை வேறோரிடத்தில் உள்ளது. அஃது அப்படத்தை எடுத்தோர் செய்ததும் அன்று. மணத்துக்குப் பேச்செழுந்தபொழுது இளம்பெண்ணாகிய ஔவை விநாயகரை வேண்டி முதுமை பெற்றார் என்னும் கதையைப் படம் ஏற்றுக்கொண்டது. சங்க நூல்களில் இக்கதைக்குச் சுவடும் இல்லை. புறநானூற்று 89-ஆம் பாட்டில் பகையரசன் வினவும்போது எதிரே நிற்பவளை விறலி என்றே விளிக்கின்றான். அணிகலமும் மைதீட்டிய கண்ணும் உடையவளாக அவள் காட்டப்பெறுகின்றாள். அவ்விளி ஔவையாரையே குறித்தது என்பாரும் உளர். புலவர் விறலி ஒருத்தியின் நிலையில் நின்று பாடினார் என்பாரும் உளர். எவ்வாறு கொள்ளினும், அரசவையிலும் போர்க்களத்தின் அண்மையிலும் அஞ்சாது பேசிய அப்பெண் மூதாட்டி என்று கொள்ளுதற்கு ஆங்குச் சான்றில்லை. அதியமானோடு கள்ளுண்டு மகிழ்ந்ததைப் பாடிய புலவர் அவர். குறுந்தொகையில் காதல்நோயின் வெறியைப் பாடியவரும் அவரே. அவ்விறலியைக் கோலூன்றிய பாட்டியாக மாற்றிய பின்னரே மரபு அவர் சொல்லை வீட்டுக்குள் அனுமதித்தது. அரசரை இடித்துரைக்கவும், ஊர் ஊராகத் தனியே நடக்கவும், ஆடவரோடு வாதிடவும் மூதாட்டிக்கே உரிமை, இளம்பெண்ணுக்கு இல்லை.

படம் வெளிவந்தபொழுது சுந்தராம்பாளுக்கு 45 வயது நிரம்பவில்லை. தினைப்புனத்து வள்ளியாய்த் தமிழகமெங்கும் வாதிட்டவர், இருபதாண்டுக்குப்பின் நரைமுடி சூடி மீண்டும் வாதிட்டார். அப்படத்தை இன்று காண்போர் ஒன்றைக் கவனித்தல் வேண்டும். ஔவை வினவுக்கு விடைகூறும் இடங்களில், சொல்லிலிருந்து பாட்டுக்கும் பாட்டிலிருந்து சொல்லுக்கும் அவர் மாறும் எல்லை தெரிவதில்லை. உரைநடையின் கடைசிச் சொல்லே சுருதியைப் பற்றிக்கொள்கின்றது. இசை எழுந்தபின்னரே பாட்டுத் தொடங்கிற்று என்று உணர்கின்றோம். ஸ்பெஷல் நாடகத் தருக்கத்தின் நுட்பம் இதுவே. முழு இரவும் நீண்ட அக்கலையின் எஞ்சிய பகுதியை நாம் காணத்தக்க இடம் இப்படம். வேடம் மூதாட்டியுடையது, கலை விறலியுடையது.

நாட்டு விடுதலை இயக்கத்தில் அவர் ஆற்றிய பணியும் இங்கே பொருந்தும். காங்கிரசு மேடைகளில் அவர் பாடினார். தீரர் சத்தியமூர்த்தி அவரை அப்பணியில் ஊக்கினார். கூட்டம் சேர்தற்கு அவர் பாட்டு வேண்டும், சேர்ந்தபின் பேச்சு நிகழும் என்பது அக்காலத்து நடைமுறை. 1937-இல் காந்தியடிகள் கொடுமுடிக்கு வந்து அவர் இல்லத்தில் உணவு கொண்டார். பொற்றட்டில் உணவிட்டார் என்றும், அடிகள் தட்டையும் கேட்டுப் பெற்றார் என்றும் கூறுவர். 1950-களில் சென்னைச் சட்டமேலவையில் அவர் உறுப்பினரானார். இந்திய நடிகருள் சட்டமன்றம் புகுந்த முன்னோடிகளில் அவரும் ஒருவர். நாடகக்காரி என்னும் சொல் இழிசொல்லாய் வழங்கிய நாட்டில் இஃது எளிதாகக் கிட்டிய ஏற்றம் அன்று.

1964-இல் பூம்புகார் வந்தது. மு. கருணாநிதி எழுத, ப. நீலகண்டன் இயக்கினார். கண்ணகியாக சி. ஆர். விஜயகுமாரியும் கோவலனாக எஸ். எஸ். இராசேந்திரனும் நடித்தனர். கவுந்தியடிகள் சுந்தராம்பாள். சமயப்பற்று மிக்க சைவ அம்மையார், பகுத்தறிவாளர் எழுதிய உரையாடலைப் பேசி, சமணத் துறவியாக நின்றார். இளங்கோவின் காப்பியத்தில் கவுந்தியின் ஆற்றல் முழுவதும் சொல்லாற்றலே. கோவலனையும் கண்ணகியையும் இழித்துப் பேசிய இருவரை அவர் நரியாகுமாறு சபித்தார். அவ்விணையர்க்கு நேர்ந்த கேட்டை அறிந்தபின் உண்ணாநோன்பால் உயிர்நீத்தார். கண்ணகி பேசாதிருக்கும் காதைகளில் அவளுக்காகப் பேசுபவர் கவுந்தி. இல்லறத்தாள் அடக்கிய சொல்லைத் துறவி கூறுகின்றாள். அடுத்த ஆண்டு திருவிளையாடலில் மீண்டும் ஔவையாராக வந்தார். இவ்விரண்டு படங்களாலும் மேடையை அறியாத இளைய தலைமுறை அவரை அறிந்தது. 1966-இல் மகாகவி காளிதாசு, 1967-இல் கந்தன் கருணை என்று படங்கள் தொடர்ந்தன; அவை பற்றிப் புதிதாகக் கூறத்தக்கது மிகுதியில்லை.

1973-இல் வந்த காரைக்காலம்மையார் தனித்து நோக்கத்தக்கது. சேக்கிழார் கூறும் புனிதவதியார், கணவன் பரமதத்தன் தம்மைத் தெய்வமென்று அஞ்சி விலகியபின், அவனுக்காகத் தாங்கிய தசைப்பொதியைக் களைந்து பேயுரு வேண்டிப் பெறுகின்றார். அவ்வுருப் பெற்றபின்னரே அற்புதத் திருவந்தாதி பிறக்கின்றது. அந்தாதி 101, இரட்டைமணிமாலை 20, மூத்த திருப்பதிகங்கள் இரண்டு. இவ்வளவும் அழகை நீத்த பெண்ணின் வாக்கு. திரைப்படத்தில் இளம் புனிதவதியாக நடித்தவர் லட்சுமி. பேயுருப்பெற்ற அம்மையாராக வந்தவர் சுந்தராம்பாள். ஒரே பெண்ணின் வாழ்வு இரண்டு நடிகையரிடையே பகுக்கப்பெற்றது. அகவை கருதி அவ்வாறு செய்தனர் என்பது வெளிப்படை. ஆயினும் பெரியபுராணம் ஓருயிருக்குள் இட்ட கோட்டைத் திரைப்படம் கண்கூடாகக் காட்டிவிட்டது: அழகு ஒருத்திக்கு, திருவாக்கு மற்றொருத்திக்கு.

இங்கு ஒரு தடையை எதிர்நோக்கலாம். விரும்பி ஏற்ற வேடங்களைக் கட்டுப்பாடு என்று கூறுதல் அவருடைய பக்தியைச் சிறுமைப்படுத்துவதாகாதோ எனின், ஆகாது. சிறையின் சுவரையே அரங்கின் பின்திரையாகக் கொண்டு ஒருவர் பாடினார் எனின், பாட்டு அவருடையது. ஆடவன் இணையாக நில்லாத படங்களில், படத்தின் நடுவிடம் முழுவதும் அவருடையதாயிற்று. நந்தனாரிலும் மணிமேகலையிலும் ஔவையாரிலும் கதை அவரைச் சுற்றியே சென்றது. இணைநடிகைகள் பலர்க்கு அவ்விடம் ஒருமுறையும் கிட்டவில்லை. இருப்பினும், வள்ளியாக நின்று வேலனை வாதில் மடக்கிய இருபது வயதுப் பெண்ணைத் திரைச்சுருள் ஒன்றுகூடக் காத்துவைக்கவில்லை. நாம் அறிந்த சுந்தராம்பாள், நாற்பது வயதுக்குப் பிற்பட்டவரே. அவருடைய முதற்பாதியை மீட்டுணரக் கருதுவோர், இசைத்தட்டுகளையும், சுவாமிகள் நாடகங்களின் பழைய மேடைப் பதிப்புகளையும், மதுரை புதுக்கோட்டைப் பகுதிகளில் நிகழும் வள்ளி திருமணத்தையும் ஒருங்கு வைத்து ஆராய்தல் வேண்டும். இவற்றுள் எது தனித்து நின்றாலும் போதாது.

தமிழிசைச் சங்கம் 1966-இல் அவருக்கு இசைப்பேரறிஞர் பட்டம் வழங்கியது. 1970-இல் நடுவண் அரசு பத்மஸ்ரீ விருது அளித்தது. 1980-இல் அவர் மறைந்தார். 1969-ஆம் ஆண்டுத் துணைவன் படத்துக்காக அவர் பெற்ற தேசிய விருது சிறந்த பின்னணிப் பாடகிக்குரியது. பிறர் வாயசைக்கத் தாம் மறைந்து பாடும் தொழிலால் வாழ்ந்தவர் அல்லர் அவர். தாம் பூண்ட வேடத்துக்குத் தாமே பாடியவர். அத்தகையவரைக் குறித்தற்கு விருதுப் பட்டியலில் இருந்த சொல் அஃதொன்றே.